ஒல்லாந்தரின் முதுகு

ஜேர்மனியில் தொலைக்காட்சி பார்க்கிற எவருக்கும் அவருடைய இடது காது பழக்கமானது. பெயர் தெரியாது, முகமும் தெரியாது. விசாரணை அறையில் பொலிஸ் அதிகாரி மேசைக்கு மேலால் குனிந்து ஒருவனைக் கேள்வி கேட்கும்போது, திரையின் ஓரத்தில் ஒரு தோளும் ஒரு காதும் மங்கலாகத் தெரியுமல்லவா, அவை பெரும்பாலும் அவருடையவை. இருபத்தைந்து வருடமாக அதுதான் அவருக்குத் தொழில். நான் அவரை ஒல்லாந்தர் என்றுதான் அழைப்பேன். யாழ்ப்பாணத்தில் கோட்டை கட்டிய சனத்தை நாங்கள் வேறு எப்படி அழைப்பது?

எங்கள் இருவருக்கும் ஒரே வயது. ஒல்லாந்தின் தெற்கு எல்லையில் ஒரு சிறிய ஊர்க்காரர். பள்ளிக்கூட மண்டபங்களில் நாடகம் போட்டுத் திரிந்த குழு ஒன்றில் தொடங்கியவர், சுகமில்லாமல் படுத்துவிட்ட ஒரு நடிகருக்குப் பதிலாக ஒரு மாரிகாலத்துக்கு மட்டும் என்று கொலோனுக்கு வந்தார். அந்த மாரி இன்னும் முடியவில்லை என்பார். ஜேர்மன் மொழியை நன்றாகப் பேசினாலும் ஒல்லாந்து வாடை போகவில்லை. ஆகவே அவர் லொறிச் சாரதி, பூ வியாபாரி, கரவன் வண்டியில் வரும் உல்லாசப் பயணி, நெடுஞ்சாலையில் பிடிபடும் கடத்தல்காரன். டென்மார்க் வைத்தியரும் பெல்ஜியப் பாதிரியாரும்கூட அவர்தான். தொலைக்காட்சிக்காரருக்கு அந்தப் பக்கத்து உச்சரிப்பெல்லாம் ஒன்றுதான். தன் கணக்குப்படி பதினேழு தடவை செத்திருக்கிறார், அதில் பாதிக்கு மேல் முதல் பத்து நிமிடத்துக்குள்.

எனக்கும் அதே கதைதான், நிறம்தான் வேறு. நான் மருத்துவமனைச் சமையலறையில் காலை வேலை செய்துகொண்டிருந்தேன். கூட வேலை செய்த பெண்ணொருத்தி, படப்பிடிப்புக்குக் கறுத்த ஆட்கள் தேடுகிறார்கள் என்று என்னைக் கூட்டிக்கொண்டு போனாள். துருக்கியர், பாகிஸ்தானியர், ரோஜாப்பூ விற்பவர், டாக்ஸிக்காரர் என்று எல்லாமாகவும் நின்றேன். நின்றேன் என்பதுதான் சரி. பேசவில்லை. கூட்டத்தில் நிற்கிறவனை இங்கே கொம்பார்சே என்பார்கள்.

ஆனால் நான் கூட்டத்தில் நிற்கப் பிறந்தவன் இல்லை. கொலோன் தமிழ்க் கத்தோலிக்கர் தவக்காலத்தில் போடும் திருப்பாடுகளின் நாடகத்தில் பத்து வருடமாக நான்தான் ஆளுநர். சிலுவைத் தீர்ப்புச் சொல்லிவிட்டுக் கை கழுவுகிற ஆளுநர். நான் கை கழுவினால் முன்வரிசையில் அழாத ஆள் இல்லை. தமிழ்க் கடைக்காரர் என்னைக் கவர்னர் என்றுதான் கூப்பிடுவார். என் மனைவியும் கவர்னரம்மா ஆகிவிட்டாள். அவளுக்கு அதில் பெருமை, வெளியில் சொல்லமாட்டாள்.

மார்க் போய் யூரோ வந்த வருடம் எனக்கு முதல்முதலாகப் பேசுகிற வேஷம் கிடைத்தது. பொலிஸ் தொடர் ஒன்றில் ஐந்து வசனம். நான் உணவகமொன்றில் கோப்பை கழுவுகிறவன். முதலாளியின் முகத்துக்கு நேரே, "அன்றைக்கு உங்களை அந்தக் குளிரறையில் கண்டேன்" என்று சொல்லிவிட்டுக் கதவைத் திறந்து போகவேண்டும். முதலாளி ஒல்லாந்தர். கமரா வழக்கம்போல அவருடைய முதுகுக்குப் பின்னால் இருந்தது.

முதல் தடவை எடுத்தார்கள். நான் வசனத்தை ஒல்லாந்தரைப் பார்த்துத் தொடங்கிக் கமராவைப் பார்த்து முடித்தேன். இரண்டாம் தடவையும் அதே. மூன்றாம் தடவை முகத்தைக் கஷ்டப்பட்டுப் பிடித்துவைத்தேன். ஆனால் போகும்போது திரும்பவில்லை. முகத்தைக் கமராவுக்குக் காட்டியபடியே பின்பக்கமாக நடந்து, கையைப் பின்னால் விட்டுக் கதவுப்பிடியைத் தேடினேன். விளக்குப் பிடித்தவர் வாய்விட்டுச் சிரித்தார். இயக்குநர் சிரிக்கவில்லை. ஐந்து வசனத்தையும் பரிமாறுகிற பெண்ணுக்குக் கொடுத்துவிடலாமா என்று உதவியாளரிடம் அவர் கேட்டது எனக்குக் கேட்டது.

அது என் பிழை, ஆனால் தெரியாமல் செய்த பிழை இல்லை. எங்கள் கூத்தில் சபைக்கு முதுகு காட்டக்கூடாது. ராசாவானாலும் சேவகனானாலும், மேடையை விட்டுப் போகும்போது முகம் சபைக்கு நேரே இருக்கவேண்டும். ஏழு வயதில், கூத்துப் பழக்கிய அண்ணாவியாரின் பிரம்பு என் பிடரிக்குச் சொன்ன பாடம் அது. நாற்பத்தேழு வயதில் ஒரு ஜேர்மன்காரன் கத்தினால் போய்விடுமா?

ஒல்லாந்தர் என்னை ஓரமாகக் கூட்டிப்போய்க் காரணம் கேட்டார். சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. படப்பிடிப்பில் எல்லோரும் எல்லோரையும் நீ என்றுதான் பேசுவார்கள். அவருடைய நீ என் காதில் எங்கள் ஊர் 'நீர்' போலத்தான் விழுந்தது. அதனால் அவர் ஜேர்மனில் சொன்னதை இங்கே எங்கள் ஊர்ப் பேச்சிலேயே எழுதுகிறேன்.

"உம்மட சபை எங்க இருக்கு?"

நான் கமராவைக் காட்டினேன்.

"அது வெறும் கண்ணாடி. சபை நான். எனக்குச் சொல்லும். போகேக்க, சபை கதவுக்கு வெளியில நிக்குது எண்டு நினைச்சுக்கொண்டு போம்."

நாலாம் தடவை சரிவந்தது. இயக்குநர் என் தோளில் தட்டினார். நான் அப்போதும் ஒல்லாந்தரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஏனென்றால் அந்த நாலாம் தடவையில் நான் ஒன்றைக் கண்டுபிடித்தேன். கமரா பார்க்காத அந்த முகம் முழுக்க நடித்துக்கொண்டிருந்தது. குளிரறை என்ற சொல் விழுந்ததும் அவருடைய வாய் ஓரம் ஒரு நூலளவு இழுபட்டது. யாருக்காக ஐயா இதைச் செய்கிறீர் என்று பிறகு கேட்டேன். எதிரே இருப்பவனுக்கு ஏதாவது கிடைக்கவேண்டாமா என்றார்.

அதற்குப் பிறகு அவர் எங்கள் வீட்டுக்கு வரப் போகத் தொடங்கினார். கணவாய்க் கறியும் புட்டும் அவருக்கு உயிர். என் மனைவி உறைப்பைக் குறைத்தால் கண்டுபிடித்துவிடுவார். நான் அவரைச் சும்மா விடுவதில்லை. உங்கள் ஆட்கள் எங்கள் கத்தோலிக்கக் கோயில்களைப் பூட்டிக் குருமாரைத் துரத்தியவர்கள் என்று புட்டுக் கோப்பையை வைத்துக்கொண்டே சொல்லுவேன். தானும் தெற்குக் கத்தோலிக்கன், தங்களையும் ஒல்லாந்தின் வடக்கில் இருந்த புரட்டஸ்தாந்துக்காரர் அப்படித்தான் வைத்திருந்தார்கள், இன்னும் கொஞ்சம் கணவாய் போடு என்பார். ஒரு தவக்காலம் எங்கள் நாடகத்துக்கு வந்து கடைசி வரிசையில் இருந்தார். ஒரு சொல் விளங்கவில்லை. நான் கை கழுவியபோது அவரும் கண்ணைத் துடைத்தார் என்று மனைவி சொன்னாள். இதை நான் பலரிடம் சொல்லியிருக்கிறேன், இங்கேயும் சொல்லாமல் விடமுடியாது.

அவர் எழுத்தாளரும்கூட. எழுத்து எப்படி வந்தது என்பதற்கு அவரிடம் சின்னக் காரணம்தான் இருந்தது. முதுகு காட்டி உட்கார்ந்திருக்கிறவனுக்கு எதிரே இருப்பவரின் முகத்தைப் பார்ப்பதைத் தவிர வேறு வேலை இல்லை, பார்த்துப் பார்த்து எழுத வந்துவிட்டது என்பார். ஒவ்வொரு வேஷத்துக்கும் கறுப்புக் கொப்பியில் ஒரு பக்கம் எழுதுவார். பிரதியில் வெறுமனே 'ஆண் 2' என்று போட்டிருக்கும். அந்த ஆண் 2 எங்கே பிறந்தான், காலையில் என்ன சாப்பிட்டான், யாரோடு கோபம் என்று அவர் எழுதிவைப்பார். பத்தாவது நிமிடத்தில் சாகப் போகிறவனுக்கு எதற்கு இதெல்லாம் என்றால், அவனுக்கு அது தெரியாதே என்பார். அந்தப் பக்கங்கள் சேர்ந்து அவருடைய மொழியில் ஒரு மெல்லிய புத்தகமாகின. பிறகு ஜேர்மன் வானொலிக்கு நாடகங்கள் எழுதினார்.

ஒருநாள் என் அகதி விசாரணையைப் பற்றிக் கேட்டார். எண்பதுகளின் நடுவில் நான் வந்த புதிதில் நடந்தது. சொல்ல அதிகம் இல்லை என்றேன். ஒரு அதிகாரி, ஒரு மொழிபெயர்ப்பாளர், காகிதங்கள் அடுக்கிய ஒரு கோவை. ஊரில் என்னையும் என் சிநேகிதனையும் பஸ்ஸில் இருந்து இறக்கியதையும், என்னைத் திரும்ப ஏற விட்டதையும், அவனை விடாததையும் சொன்னேன். அதிகாரி, பஸ் என்ன நிறம் என்று கேட்டார். எனக்கு ஞாபகம் வரவில்லை. அதை எழுதிக்கொண்டார். அடுத்த டெர்மினுக்கு, அதாவது அடுத்த சந்திப்புக்கு, திகதி தந்தார். அவ்வளவுதான்.

அந்த அதிகாரியின் முகம் எப்படி இருந்தது என்று ஒல்லாந்தர் கேட்டார். தெரியாது என்றேன். இரண்டு மணித்தியாலம் அவர் முகத்தை நிமிர்த்தவே இல்லை. தலைமயிர் பிரித்திருந்த வகிடு மட்டும் இன்றைக்கும் ஞாபகம்.

அவர் சாப்பாட்டை நிறுத்திவிட்டுக் கொப்பியை எடுத்தார்.

உலகக்கிண்ணக் காற்பந்து ஜேர்மனியில் நடந்த கோடையில், அவர் எழுதிய திரைக்கதையைத் தொலைக்காட்சி நிலையம் ஒன்று ஏற்றுக்கொண்டது. ஓய்வுபெறப் போகிற ஒரு விசாரணை அதிகாரியின் கதை. அதிகாரி வேஷத்தில் ஒரு பெரிய நடிகரைப் போட விரும்பினார்கள். ஒல்லாந்தர் விட்டுக்கொடுத்தார், ஒரு நிபந்தனையோடு. அதிகாரி இளைஞனாக இருந்த காலத்தில் அவருடைய மேலாளராக வருகிறவர் ஒரே ஒரு விசாரணை நடத்துவார். அந்த மேலாளர் வேஷம் தனக்கு, கமரா தொடக்கத்தில் இருந்து முடிவு வரை தன் முகத்தில். மூன்று நிமிடம். முழுநேரமும் கோவையைப் பார்த்துக்கொண்டிருக்கிறவர் கடைசியில் ஒருதரம் நிமிர்ந்து பார்க்கவேண்டும்.

"இருபத்தஞ்சு வருசத்தில முதல்தரம் என்ர முகத்துக்கெண்டு எழுதியிருக்கிறன்," என்றார். அகதி வேஷம் எனக்கு. தமிழிலேயே பேசலாம். ஆனால் காட்சி முழுக்க என் முதுகுதான் தெரியும் என்று சொல்லிவிட்டு, என் முகத்தைப் பார்த்துக் கொஞ்சம் பயந்தார்.

எனக்கு அது சுட்டது. பொய் சொல்ல மாட்டேன். ஆனால் ஓம் என்றேன். பிடரியில் பிரம்பு ஞாபகம் இருக்கிற மனிதன் முதுகு காட்டச் சம்மதிப்பது லேசான விஷயம் இல்லை என்று அவருக்கும் விளங்கியது. அந்த மாரி முழுக்க எங்கள் குசினியில் ஒத்திகை நடந்தது. எங்கள் மின்சார பில்தான் கோவை. நான் வேலையால் வரப் பிந்தினால் மனைவி வெங்காயம் உரித்துக்கொண்டே அகதியாக இருப்பாள். அவர் பில்லைப் பார்த்துக் குனிந்திருப்பார். நிமிர்கிற இடத்தை மட்டும் ஒத்திகையில் செய்யமாட்டார். அதைக் கமராவுக்கு வைத்திருக்கிறேன் என்பார்.

மாசி மாதம், நகரத்துக்கு வெளியே காலியாகிக் கிடந்த ஒரு அலுவலகக் கட்டடத்தில் படப்பிடிப்பு. நாலு மணிக்கு இடத்தை ஒப்படைக்கவேண்டும். காலையில் வெப்பக் குழாய்கள் டக் டக் என்று தட்டத் தொடங்கி, ஒலிப்பதிவுக்காரர் வேலை செய்ய மாட்டேன் என்று நின்றார். அதை நிறுத்திச் சரிசெய்ய இரண்டரை ஆகிவிட்டது. வழக்கமாக ஒரு பக்கத்தை எடுத்துவிட்டுக் கமராவைத் திருப்பி மற்றவர் முகத்தையும் எடுப்பார்கள். இன்றைக்கு ஒரு பக்கத்துக்குத்தான் நேரம் என்றார் இயக்குநர். இளம் பெண், கெட்டிக்காரி. எழுதியபடியே மேலாளரின் முகத்தை எடுப்போம் என்றார். கமரா என் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றது.

ஒருதரம் ஒத்திகை பார்த்தோம். மொழிபெயர்ப்பாளராக வந்த நடிகை பக்கத்தில் இருந்தார். ஒல்லாந்தர் குனிந்தபடியே பஸ்ஸின் நிறத்தைக் கேட்டார். ஞாபகம் இல்லை என்று மட்டும் நான் சொல்லவேண்டும். சொன்னேன். ஆனால் வாய் அதோடு நிற்கவில்லை. எனக்கு முன்னால் ஒரு குனிந்த தலை, அதற்குப் பின்னால் வெறும் சுவர். யாரும் என் முகத்தைப் பார்க்கவில்லை. வாழ்க்கையில் முதல்தரமாகச் சபைக்கு முதுகு காட்டி இருந்தேன். அந்தத் துணிவில், இருபது வருடமாக ஒருவருக்கும் சொல்லாததைத் தமிழில் சொல்லிவிட்டேன். நான் பஸ்ஸில் திரும்ப ஏறியபோது என் சிநேகிதனின் செருப்பு இரண்டும் சீற்றுக்குக் கீழே கிடந்தன. அவனை வெறுங்காலோடு இறக்கியிருக்கிறார்கள். ஊர் போய்ச் சேரும்வரை நான் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், பஸ்ஸின் நிறத்தை எப்படிப் பார்ப்பேன் என்றேன்.

அந்த நடிகைக்குத் தமிழ் தெரியாது. பிரதியில் இல்லாததால் அவர் விழித்தார். என்ன சொன்னாய் என்று ஒல்லாந்தர் கேட்டார். ஜேர்மன் மொழியில் சொன்னேன். அவர் எழுந்து வெளியே போனார். யன்னலால் பார்த்தேன். பனிக்குள் நின்று ஒரு சிகரெட்டை முழுக்கப் புகைத்தார். திரும்பி வந்து இயக்குநரிடம், கமராவை மற்றப் பக்கம் திருப்புங்கள், இந்த ஆளின் முகத்தை எடுங்கள் என்றார்.

இது உன்னுடைய காட்சி, இதற்காகத்தானே இவ்வளவும் எழுதினாய் என்று நான் மறுத்தேன். அரை மனதோடுதான் மறுத்தேன், அதையும் சொல்லிவிட வேண்டும். என் மற்ற அரை மனது கமரா திரும்புவதைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"என்ர முகத்தை எடுத்தா, இது திரும்பவும் ஒஃபிசரின்ர கதையாப் போயிடும்," என்றார். "செருப்பைச் சொல்லும். சபை நான்தானே."

விளக்குகளை மாற்ற மூன்றரை ஆனது. ஒரே ஒரு தடவைதான் எடுக்கமுடிந்தது.

நான் பேசத் தொடங்கினேன். அவர் கோவைக்குள் குனிந்திருந்தார். வகிடு தெரிந்தது. அன்றைக்கு மயிரை அப்படிப் பிரித்துச் சீவியிருந்தார் என்பதை அப்போதுதான் கவனித்தேன். பஸ் என்ன நிறம் என்று கேட்டார். செருப்பைச் சொன்னேன். நடிகை அதை ஜேர்மன் மொழியில் சொன்னார். அவருடைய பேனை நின்றது. அடுத்த கேள்விக்காகத் திறந்த வாய் மெல்ல மூடியது. முதலில் நெற்றி மேலே வந்தது, பிறகு கண்கள். அவர் என்னைப் பார்த்தார். இரக்கமாகப் பார்க்கவில்லை. இரக்கப்பட்டிருந்தால் எனக்குக் கோபம் வந்திருக்கும். ஒரு மேசைக்கு அந்தப் பக்கம் ஒரு மனிதன் இருக்கிறான் என்பதை அந்தக் கணத்தில்தான் கண்டவர் போலப் பார்த்தார். கண்டதால் வெட்கப்பட்டார். படிவத்தில் செருப்புக்கு இடம் இல்லை என்பதும், 'தெரியாது' என்றுதான் எழுதப் போகிறார் என்பதும் அந்த முகத்தில் வந்தன. அதை எனக்கு மறைக்கவும் இல்லை. பிறகு கண்கள் கீழே போயின. பேனை எழுதியது.

இருபது வருடத்துக்கு முன் இரண்டு மணித்தியாலம் நான் எதற்குக் காத்திருந்தேன் என்பது எனக்கு அன்றைக்குத்தான் விளங்கியது. இயக்குநர் நிறுத்தச் சொன்னது என் காதில் விழவில்லை. கன்னம் நனைந்திருந்தது. நாங்கள் பேசிக்கொள்ளக்கூட நேரமில்லை. கட்டடத்துக்கு வர்ணம் பூச வந்தவர்கள் வாளிகளோடு கதவடியில் நின்றார்கள்.

படம் இலையுதிர் காலத்தில் எட்டேகாலுக்கு ஒளிபரப்பானது. ஒல்லாந்தர் எங்கள் வீட்டுக்கு வந்து சோபாவில் மனைவிக்கும் எனக்கும் நடுவில் இருந்தார். அந்தக் காட்சி வந்தது. திரை முழுக்க என் முகம். ஓரத்தில் மங்கலாக ஒரு தோள், ஒரு இடது காது. மனைவி என் முகத்தை அவ்வளவு பெரிதாக ஒருநாளும் பார்த்ததில்லை. வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

"இஞ்சாருங்கோ, யாரை அப்பிடிப் பாக்கிறியள்?" என்று கேட்டாள்.

நான் பக்கத்தில் இருந்தவரைக் காட்டினேன்.

படம் முடிந்ததும் தொலைபேசி ஓயவில்லை. கடைக்காரர், பங்குச் சனம், மருத்துவமனைச் சமையலறைப் பெண் எல்லோரும் எடுத்தார்கள். அப்படி ஒரு நடிப்பை ஜேர்மன் தொலைக்காட்சியில் பார்த்ததில்லை என்றார்கள். புகழ்ச்சியை வேண்டாம் என்று சொல்லும் பழக்கம் எனக்கு இல்லை. ஆனால் அன்றைக்கு ஒவ்வொருவருக்கும் ஒன்றையே சொல்லவேண்டியிருந்தது. நான் நடிக்கவில்லை. நீங்கள் பார்த்தது முன்வரிசையில் இருந்த ஒருவனின் முகம். நாடகம் அந்தப் பக்கத்தில் நடந்தது. அடக்கத்தில் சொல்கிறேன் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

தொலைபேசியை வைத்துவிட்டு வந்தபோது ஒல்லாந்தர் கோப்பையில் மிச்சமிருந்த புட்டை விரலால் கூட்டிக்கொண்டிருந்தார். தன் காது நன்றாக வந்திருக்கிறது என்று சொல்லிச் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, கோப்பையைப் பார்த்தபடியே கேட்டார்.

"நான் நிமிந்து பாத்த இடம். எப்பிடி இருந்தது?"

அவரை அப்படி ஒரு குரலில் நான் கேட்டதில்லை. உலகத்தில் அதை நேருக்கு நேர் பார்த்தவன் நான் ஒருவன்தான், பதில் சொல்லவேண்டியவனும் நான்தான். எதிரே கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். பேனை நின்றதில் இருந்து தொடங்கினேன். வாய் மூடியது, நெற்றி வந்தது, கண் வந்தது, வெட்கம் வந்தது, திரும்பவும் குனிந்தது என்று ஒன்றுவிடாமல் சொன்னேன். மனைவி கோப்பைகளை எடுக்காமல் நின்றாள். முடித்தேன்.

"இன்னொருக்காச் சொல்லும்," என்றார்.

இன்னொரு தடவை சொன்னேன். இங்கே எழுதியிருப்பது மூன்றாவது.